ஒரு பெயருக்கு மூன்று தேதிகள்: ராபின் ஹுட் தடயங்களை வரைபடத்தில் ஏற்றிய அனுபவம்

இங்கிலாந்தின் பழம்பாடல்களில் வரும் வில்லாளிக் கொள்ளைக்காரன் ராபின் ஹுட். இங்கிலாந்து வரைபடத்தில் அவன் பெயரைத் தேடிப் பாருங்கள். கிணறு, குகை, பாறை, மண்மேடு, கடலோரக் கிராமம், சாலைச் சந்திப்பு, ரயில் பாதை என்று எங்கு திரும்பினாலும் அவன் பெயர்தான். தெற்கே வில்ட்ஷயரிலிருந்து வடக்கே யார்க்‌ஷயர் கடற்கரை வரை ஒரே ஆள் இத்தனை இடங்களில் தங்கி, தண்ணீர் குடித்து, அம்பெய்து, செத்துப் புதைந்திருக்க முடியாது. அது யாருக்கும் தெரிந்ததுதான். எனக்கு வேண்டியிருந்தது அதற்கு அடுத்த கேள்விக்கான விடை. இவற்றில் எந்தப் பெயர் எப்போது முதன்முதலாக எழுத்தில் ஏறியது? அந்தப் பெயரைத் தாங்கி நிற்கும் கல்லுக்கோ மரத்துக்கோ என்ன வயது? அது இன்று நிற்கும் இடத்தில்தான் அன்றும் நின்றதா?

ஒவ்வொரு தடயத்துக்கும் ஒரு வரிசை, அந்த வரிசையில் மூன்று தேதிகள். பொருளின் வயது ஒன்று, பெயர் முதலில் பதிவான ஆண்டு ஒன்று, பொருள் இடம்பெயர்ந்த ஆண்டு ஒன்று. திட்டம் இவ்வளவுதான். ஆனால் இந்த மூன்றையும் தனித்தனிக் கட்டங்களில் வைக்க ஆரம்பித்ததும் வரைபடம் வேறு மாதிரிப் பேச ஆரம்பித்தது. சுற்றுலாக் கையேடுகள் இந்த மூன்றையும் ஒன்றாகக் குழைத்து, "இது ராபின் ஹுட் காலத்துக் கிணறு" என்று முடித்துவிடுகின்றன. பிரித்து வைத்தால்தான் கதை எங்கிருந்து கிளம்பி எங்கே போனது என்பது கண்ணுக்குத் தெரிகிறது.

பெயர்களைச் சேகரிக்க ஜிபி1900 என்ற பட்டியலை எடுத்துக்கொண்டேன். 1888 முதல் 1914 வரை அச்சான, பிரிட்டனின் அரசு நில அளவை நிறுவனமான ஆர்ட்னன்ஸ் சர்வேயின் ஆறு அங்குல வரைபடத் தாள்களில் (ஒரு மைலுக்கு ஆறு அங்குலம் என்ற அளவு) உள்ள எழுத்துகளையெல்லாம் தன்னார்வலர்கள் உட்கார்ந்து தட்டச்சு செய்து, 25 லட்சத்துக்கும் மேற்பட்ட பெயர்களாக இலவசமாகத் தந்திருக்கிறார்கள். ஒவ்வொரு பெயருக்கும் அட்சரேகை, தீர்க்கரேகை உண்டு. எவ்வளவு பெரிய கொடை இது என்பது பயன்படுத்தும்போதுதான் புரியும். இதை எக்செல்லில் திறக்க முயலாதீர்கள். எக்செல் தாளில் 10 லட்சத்துச் சொச்சம் வரிசைகளுக்கு மேல் இடம் கிடையாது, மீதி வெட்டுப்பட்டுவிடும். கோப்பின் எழுத்துக் குறியாக்கம் யூடிஎஃப்-16 என்பதையும் முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும், இல்லாவிட்டால் பைத்தான் நிரல்மொழி முரண்டு பிடிக்கும். நான் பைத்தானில் வடிகட்டி, சின்னக் கோப்பாக்கி, அதைக் கியூஜிஐஎஸ் என்ற வரைபட மென்பொருளில் ஏற்றினேன்.

வடிகட்டும்போது கவனிக்க வேண்டியது எழுத்துக்கூட்டல். ராபின், ஹுட் இரண்டுக்கும் நடுவே இடைவெளி இருக்கும், சில தாள்களில் சேர்ந்தே இருக்கும், உடைமைக் குறி (') ஓரிடத்தில் இருக்கும், இன்னோரிடத்தில் இருக்காது. இந்த மூன்றையும் பிடிக்கிற மாதிரி தேடல் வடிவத்தை எழுதிக்கொள்ளுங்கள். அவனுடைய கூட்டாளி லிட்டில் ஜானுக்கும் தனியாக ஒரு தேடல் வேண்டும். வெறும் ராபின் என்று தேடினால் அந்தப் பெயருள்ள சிட்டுக்குருவி அளவுப் பறவையும் சாதாரண மனிதர்களும் வந்து குவிவார்கள்.

இன்றைய பெயர்களுக்கு ஓப்பன்ஸ்ட்ரீட்மேப் என்ற இலவச இணைய வரைபடம். அங்கே பப்களும் குடியிருப்புத் தெருக்களும்தான் வெள்ளமாக வரும். ஒரு பக்கம் ராபின் ஹுட் லேன், பக்கத்திலேயே கதையில் அவன் வாழ்ந்த காடான ஷெர்வுட், கூடவே அவன் கூட்டத்துத் துறவி ஃப்ரையர் டக் என்று ஒரு குடியிருப்பு முழுக்கப் பெயர் வைத்திருந்தால் அது 20ஆம் நூற்றாண்டில் கட்டியவர்கள் வைத்தது என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்லலாம். அவற்றை அழிக்கவில்லை. தனி அடுக்கில் ஒதுக்கி வைத்துவிட்டேன். பிறகு ஸ்காட்லாந்து தேசிய நூலகத்தின் இணைய வரைபடப் பார்வையில் பழைய தாளையும் இன்றைய வான்படத்தையும் ஒன்றன்மேல் ஒன்றாகப் போட்டு ஒவ்வொரு புள்ளியையும் சரிபார்த்தேன். பொறுமையைச் சோதிக்கும் வேலைதான், ஆனால் இதைச் செய்யாமல் அடுத்த படிக்குப் போகவே கூடாது.

முதல் கட்டமான பொருளின் வயதை நிரப்புவது ஓரளவு எளிது. ஹிஸ்டாரிக் இங்கிலாந்து பராமரிக்கும் பாரம்பரியச் சின்னப் பட்டியலில் பெரும்பாலானவை இருக்கின்றன. நிரப்ப நிரப்ப ஒன்று தெளிவானது. ராபின் ஹுட் பெயர் ஒட்டிக்கொண்டிருக்கும் பொருள்களில் பெரும்பாலானவை அவன் வாழ்ந்திருக்கக்கூடிய எந்தக் காலத்துக்கும் மிக மிக முந்தியவை. சாலிஸ்பரி சமவெளியில் ஸ்டோன்ஹெஞ்சுக்கு வடமேற்கே ராணுவப் பயிற்சி நிலத்துக்குள் ராபின் ஹுட்ஸ் பால் என்ற வட்ட அகழி இருக்கிறது. அது புதிய கற்காலத்தது, கி.மு. 4000க்குப் பிந்திய ஆயிரமாண்டு. யார்க்‌ஷயர் மேட்டுநிலத்திலும் சாமர்செட்டிலும் ராபின் ஹுட்ஸ் பட்ஸ் என்று சொல்லப்படும் மேடுகள், அதாவது அவன் அம்பெய்து பழகிய இலக்குத் திட்டுகள், உண்மையில் வெண்கலக் கால ஈமமேடுகள்.

எல்லாவற்றையும் தூக்கிச் சாப்பிடுவது டார்பிஷயர் எல்லையில் க்ரெஸ்வெல் கிராக்ஸ் பள்ளத்தாக்கிலுள்ள ராபின் ஹுட் குகை. 1876இல் அங்கே ஒரு விலா எலும்புத் துண்டு கிடைத்தது. அதில் ஒரு குதிரையின் தலையும் கழுத்தும் முன்னுடலும் மெல்லிய கோடுகளால் செதுக்கப்பட்டிருக்கின்றன. பனியுகத்தின் கடைசியில், 12,000 ஆண்டுகளுக்கும் முன்னால், யாரோ கீறிய படம். இப்போது பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அந்த எலும்பின் விவரக்குறிப்பில் கண்டெடுத்த இடமாக ராபின் ஹுட் குகை என்று எழுதியிருக்கும். ஒரு பெயருக்கும் அது ஒட்டிய பொருளுக்கும் நடுவே இவ்வளவு பெரிய இடைவெளியை நான் வேறெங்கும் பார்க்கவில்லை.

பிறகு எதற்காக இவற்றுக்கு அவன் பெயர்? பட்டியலைக் கையில் வைத்துக்கொண்டு பார்த்தால் என் எண்ணம் இது: யார் செய்தது என்ற நினைவு ஊரில் அற்றுப்போன பெரிய பொருள்களுக்கெல்லாம் ஒரு சொந்தக்காரன் தேவைப்பட்டான். நம் ஊரில் மலைக்குகைச் சமணப் படுக்கைகளைப் பஞ்சபாண்டவர் படுக்கை என்று சொல்வதும், பெருங்கற்காலக் கல்லறைகளைப் பாண்டவர் குழி என்று சொல்வதும் இதே வழிதான். பீட்டர்பரோ அருகே நீன் ஆற்றங்கரையில் ராபின் ஹுட், லிட்டில் ஜான் என்ற பெயரில் இரண்டு கற்கள் நிற்கின்றன. இருவரும் எய்த அம்புகள் விழுந்த இடம் என்று ஊர்க்கதை. பார்னாக் சுரங்கத்துக் கட்டடக்கல்லைப் படகில் ஏற்றி பரி செயின்ட் எட்மண்ட்ஸ் மடத்துக்குச் சுங்கமின்றிக் கொண்டுபோன வழியைக் குறிக்க நட்டவை என்று 17ஆம் நூற்றாண்டிலேயே எழுதிவிட்டார்கள். சுங்க விலக்கு மறந்துபோயிற்று. அம்பு தங்கிவிட்டது.

இரண்டாம் கட்டம், பெயர் முதலில் பதிவான ஆண்டு. உழைப்பை உறிஞ்சிக்கொண்டது இதுதான். இங்கிலாந்து இடப்பெயர்க் கழகம் மாவட்டவாரியாக வெளியிட்டுள்ள தொகுதிகளில் ஒவ்வொரு பெயரின் பழைய வடிவங்களும் ஆண்டோடு இருக்கும். யார்க்‌ஷயரின் மேற்கு ரைடிங் என்ற பிரிவுக்கு மட்டும் எட்டுப் பகுதிகள், 1961 முதல் 1963 வரை வந்தவை. நூலகத்தில் உட்கார்ந்துதான் பார்க்க வேண்டியிருந்தது. ஆண்டு கிடைக்காத வரிசைகளில், அந்தப் பெயரைத் தாங்கிய மிகப் பழைய வரைபடத் தாளின் ஆண்டைப் போட்டு, பக்கத்தில் ஒரு குறி வைத்தேன். இந்தக் குறி இல்லாவிட்டால் 1850க்கும் 1422க்கும் ஒரே எடை வந்துவிடும்.

இந்தக் கட்டத்தை வைத்து வரைபடத்துக்கு நிறம் கொடுத்தேன். பழையது கருஞ்சிவப்பு, புதியது வெளிர் மஞ்சள். ஷெர்வுட் காடு சிவப்பாக இருக்கும் என்றுதான் யாரும் நினைப்பார்கள். அங்கே பெரும்பாலும் மஞ்சள். சிவப்பு திரண்டது யார்க்‌ஷயரின் தெற்கே, டான்காஸ்டருக்கும் பான்ட்ஃப்ராக்டுக்கும் நடுவே, வெறும் சில மைல் அகலமுள்ள பார்ன்ஸ்டேல் என்ற நிலத்தில்.

பார்ன்ஸ்டேல் இன்று பெரிய காடும் இல்லை, பேர்பெற்ற ஊரும் இல்லை. ஆனால் லண்டனிலிருந்து வடக்கே போகும் பெரும்பாதை அதன் நடுவே போனது. 1306இல் ஸ்காட்லாந்து ஆயர்கள் இருவரையும் ஒரு மடாதிபதியையும் கைதிகளாகத் தெற்கே கொண்டுபோனபோது, பான்ட்ஃப்ராக்டிலிருந்து டிக்கில் வரையிலான பகுதிக்கு மட்டும் காவல் வில்லாளிகளின் எண்ணிக்கையை 20ஆகக் கூட்டியிருக்கிறார்கள். கணக்கில் எழுதிய காரணம் "பார்ன்ஸ்டேலை முன்னிட்டு". கொள்ளைக்குப் பேர்போன இடம் என்பது அரசாங்கக் கணக்கிலேயே இருக்கிறது. 1422இல் மாங்க் பிரெட்டன் மடத்தின் ஆவணம் ஒன்று இதே பகுதியில் ஒரு நிலத்துக்கு அடையாளமாக ராபர்ட் ஹோடின் (ராபின் என்பது ராபர்ட்டின் செல்லப் பெயர்) கல்லைக் குறிப்பிடுகிறது. 1429இல் "ராபின் ஹுட் பார்ன்ஸ்டேலில் நின்றான்" என்ற வரி நீதிமன்ற வாதத்திலேயே பழமொழி மாதிரி வந்துவிட்டது. 1500ஐ ஒட்டி அச்சான ராபின் ஹுட் கெஸ்ட் என்ற நெடும்பாடலும் செய்ல்ஸ், டான்காஸ்டர் என்று இந்த ஊர்களைத்தான் தெரு தெருவாகத் தெரிந்தவன் போலச் சொல்கிறது.

ஷெர்வுட் பக்கத்து நியாயத்தையும் சொல்லியாக வேண்டும். லிங்கன் தேவாலயக் கையெழுத்துப் படி ஒன்றில், 15ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், "ஷெர்வுட்டில் நின்றான்" என்று யாரோ கிறுக்கியிருக்கிறார்கள். நாட்டிங்காம் அருகே அவன் பெயரில் ஒரு கிணறு 15ஆம் நூற்றாண்டின் இறுதிக்குள் வந்துவிட்டது. ஆக, பாட்டில் இரண்டு இடங்களும் ஏறக்குறைய சம வயது. மண்ணில் பெயராக ஊன்றியது பார்ன்ஸ்டேலில் முந்தி என்பதுதான் என் வரைபடம் சொல்வது. இன்னும் பழைய சிவப்புப் புள்ளி ஒன்று வடக்கே கடலோரத்தில் தனியாக நிற்கிறது. ராபின் ஹுட்ஸ் பே என்ற மீனவக் கிராமத்தின் பெயர் 14ஆம் நூற்றாண்டின் முற்பாதியிலேயே பதிவாகியிருக்கிறது. கடலோரத்துக்கு ஏன் அவன் பெயர் என்பதற்கு மனத்துக்கு ஒப்பும் விளக்கம் எதையும் நான் பார்க்கவில்லை.

ஷெஃபீல்டில் இருப்பதால் பார்ன்ஸ்டேலுக்கு நேரில் போய்ப் பார்ப்பது எனக்குச் சிரமமில்லை. ஏ1 நெடுஞ்சாலையில் தெற்கு நோக்கிப் போகும் பக்கத்தில், லாரிகள் ஒதுங்கி நிற்கும் இடத்தில், கறுத்துப்போன சுண்ணாம்புக்கல்லில் ஒரு சதுர மண்டபம் இருக்கிறது. ஆள் உயரத்தைவிடச் சற்றே பெரிது. கல் அடுக்குகளுக்கு நடுவே ஆழமான காடிகள் வெட்டியிருப்பதால் சிறியதாக இருந்தாலும் கோட்டைச் சுவர் போன்ற கனம் தெரியும். முகப்பில் அரைவட்ட வளைவு. இதுதான் ராபின் ஹுட்ஸ் வெல். சுமார் 1710இல் கார்லைல் பிரபுவுக்காக ஜான் வான்ப்ரு வடிவமைத்தது. ப்ளென்ஹைம் அரண்மனையையும் காசில் ஹோவர்டையும் கட்டிய அதே வான்ப்ரு.

இந்தக் கிணற்றைப் பற்றி எனக்கு மிகப் பிடித்த பதிவு ஜான் ஈவ்லினின் நாட்குறிப்பு. 1654இல் இந்த வழியாகப் போனவர், நெடுஞ்சாலையிலேயே இறங்கிப் பளிங்கு போன்ற ஊற்றில் எல்லோரும் தண்ணீர் குடித்ததாக எழுதுகிறார். பக்கத்தில் ஒரு கல் இருக்கை, அதில் சங்கிலி போட்டுக் கட்டிய இரும்பு அகப்பை. அகப்பையைச் சங்கிலியில் கட்ட வேண்டியிருந்தது என்றால் எத்தனை பேர் அங்கே வந்து குடித்திருப்பார்கள்! இது மண்டபம் கட்டுவதற்கு அரை நூற்றாண்டு முந்திய காட்சி. பிறகு இரண்டு வண்டிச் சத்திரங்கள் வந்து, அந்த இடமே ஒரு சிற்றூராகி, கிணற்றின் பெயரே ஊர்ப்பெயராகவும் ஆனது. ஆறு அங்குலத் தாளில் அதைப் பார்க்கலாம். 1960களில் ஏ1 அகலமானபோது மண்டபத்தைக் கல் கல்லாகப் பிரித்துத் தள்ளி வைத்தார்கள். இன்று அதன் அடியில் ஊற்று இல்லை.

மண்டபத்தைச் சுற்றிச் சுற்றிப் படமெடுத்து முப்பரிமாண மாதிரி செய்தேன். மெஷ்ரூம் என்ற இலவச மென்பொருள் போதும், கைப்பேசிக் கேமராவே போதும். மேகமூட்டமான நாளாகப் பாருங்கள். வெயிலடித்தால் காடிகளுக்குள் கரும் நிழல் விழுந்து மென்பொருள் தடுமாறும். ஒவ்வொரு படமும் முந்தைய படத்தோடு பாதிக்கு மேல் ஒன்றுகிற மாதிரி மெல்ல நகர்ந்து எடுக்க வேண்டும். தரைமட்டத்தில் ஒரு சுற்று, கையை உயர்த்தி ஒரு சுற்று, உட்புறம் தனியாக ஒரு சுற்று. பக்கத்தில் லாரி நின்றால் அதன் பளபளப்பான பக்கச் சுவர் மாதிரியைக் கெடுத்துவிடும், அது கிளம்பும்வரை காத்திருப்பதே மேல். சுவரெங்கும் வழிப்போக்கர்கள் கீறிய எழுத்துகள். அவற்றைப் படிக்க டார்ச் விளக்கைச் சுவரோடு ஒட்டிப் பக்கவாட்டில் பிடித்தால் மேலோட்டமாகத் தெரியாத கீறல்கள்கூட நிழல் விழுந்து எழும்பி வரும். அந்தி நேரத்தில் இதைச் செய்வது நல்லது. சாலையோரம் என்பதால் ஒளிரும் மேலங்கி போட்டுக்கொள்ளாமல் போகாதீர்கள்.

இந்த வரிசையில் மூன்று தேதிகளும் மூன்று நூற்றாண்டுகளில் விழுந்தன: பெயர் 17, மண்டபம் 18, இடமாற்றம் 20. இடைக்காலம் ஒன்றில்கூட இல்லை. ஆனால் சில மைல் சுற்றளவில் 1422இன் கல் குறிப்பு இருக்கிறது. ஆகவே இந்தக் கிணற்றை வெறும் பிற்காலக் கற்பனை என்று தள்ள எனக்கு மனம் ஒப்பவில்லை. ஊர் நினைவு தொடர்ந்து உயிரோடு இருந்த இடத்தில்தான் புதிய பொருள்கள் அந்தப் பெயரை வாங்கியிருக்கின்றன.

அடுத்து ஹாதர்சேஜ். ஷெஃபீல்டிலிருந்து ஹோப் பள்ளத்தாக்கு ரயிலில் ஏறினால் சீக்கிரம் வந்துவிடும். செயின்ட் மைக்கேல் தேவாலய வளாகத்தில் ஒரு பழைய யூ மரம், அதன் கீழே இரும்புக் கம்பி வேலி, வேலிக்குள் தலைமாட்டில் ஒரு கல், கால்மாட்டில் ஒரு கல். நடுவே சுமார் 13 அடி. ராபின் ஹுட்டின் நண்பனும் தளபதியுமான லிட்டில் ஜான் இங்கே புதைக்கப்பட்டிருக்கிறான், வளாகத்துக்குக் கிழக்கே இருந்த குடிசையில் செத்தான் என்று தலைக்கல் சொல்கிறது. ஃபாரஸ்டர்ஸ் என்ற பழைய நலச் சங்கம் கல்லறையைப் பேணி வருகிறது. சுத்தமாக, அன்போடு வைத்திருக்கிறார்கள்.

1784இல் இந்தக் குழியைத் தோண்டித் தொடை எலும்பு ஒன்றை எடுத்தார்கள். நீளம் 29½ அங்குலம் என்பது பரவலாகச் சொல்லப்படும் அளவு. எலும்பு பிறகு கைமாறிக் காணாமல் போனது. பொருள் இல்லாவிட்டாலும் எண் இருக்கிறதே, கணக்குப் போட்டுப் பார்க்கலாம். 29½ அங்குலம் என்றால் 74.9 செ.மீ. தொடை எலும்பிலிருந்து உயரம் கணிக்க ட்ராட்டர், க்ளெசர் இருவரும் 1952இல் தந்த சூத்திரம் இன்றும் தடய அறிவியலில் புழங்குகிறது. வெள்ளை இன ஆண்களுக்கு, எலும்பின் நீளத்தை 2.38ஆல் பெருக்கி 61.41ஐக் கூட்ட வேண்டும். விடை சுமார் 240 செ.மீ, அதாவது 7 அடி 10 அங்குலம். சாதாரண உயரத்து ஆட்களை அளந்து உருவாக்கிய சூத்திரம் இது. இவ்வளவு நீண்ட எலும்புக்கு அது பொருந்துமா என்ற சந்தேகம் எழும். அதனால் விகிதாசாரப்படியும் பார்த்தேன். தொடை எலும்பு மனித உயரத்தில் ஏறக்குறைய 26.7 விழுக்காடு. அப்படிக் கணக்கிட்டால் 280 செ.மீ வருகிறது. பதிவான மனிதர்களிலேயே மிக உயரமான ராபர்ட் வாட்லோ 272 செ.மீ. குறைந்தபட்சக் கணக்குக்கே அந்த ஆள் உலகின் மிக உயரமானவர்களின் வரிசையில் வருகிறார். 170 செ.மீ உயர ஆணுக்கு இதே எலும்பு சுமார் 46 செ.மீதான் இருக்கும். 1784இல் அளந்தது மனித எலும்புதானா, எந்த முனையிலிருந்து எந்த முனைவரை அளந்தார்கள் என்பதைச் சொல்ல இனி யாரும் இல்லை. என் அட்டவணையில் அளவு, அளந்த ஆண்டு, இரண்டு கணிப்புகள் என நான்கையும் போட்டு, நம்பகம் என்ற கட்டத்தில் "தாழ்வு" என்று எழுதினேன்.

வில்லின் கதை இன்னும் கவனிக்கத்தக்கது. பழம்பொருள் ஆர்வலர் எலயஸ் ஆஷ்மோல் 1652இல் ஹாதர்சேஜ் பற்றி எழுதும்போது, தலைக்கும் காலுக்கும் நட்ட கற்கள் வெகுதூரம் தள்ளி இருப்பதையும், லிட்டில் ஜானுடைய வில்லின் ஒரு பகுதி தேவாலயத்தில் தொங்குவதாகச் சொல்கிறார்கள் என்பதையும் குறிக்கிறார். ஒரு பகுதி. பின்னால் பார்ன்ஸ்லி அருகே கேனன் ஹால் மாளிகைக்குப் போன வில்லோ ஆளுயரத்துக்கு மேற்பட்ட முழு வில். அதில் நெய்லர் என்ற பெயரும் 1715 என்ற ஆண்டும் பொறித்திருக்கின்றன, அதற்கு நாணேற்றிய கடைசி ஆள் அவர் என்பது வழக்கு. இரண்டும் ஒரே வில்தானா? ஆஷ்மோலின் வரியை எழுத்துக்கு எழுத்து எடுத்துக்கொண்டால் அல்ல. எனவே இரண்டு வரிசைகளாகப் பிரித்தேன். ஒன்றில் 1652 குறிப்பு மட்டும், மற்றதில் 1715 வில். கல்லறை பற்றிய நம்பிக்கை 1652க்கே பழையது என்பது மட்டும் உறுதியாக நிற்கிறது, அது சின்ன விஷயமில்லை.

ராபினுடைய கல்லறை மேற்கு யார்க்‌ஷயரில் கர்க்லீஸில். அங்கே சிஸ்டர்சியன் கன்னியர் மடம் ஒன்று இருந்தது, இன்று வாயிற்கட்டடம் மிஞ்சியிருக்கிறது. மடத் தலைவி இரத்தம் வடித்துவிடும் சாக்கில் அவனைக் கொன்றாள் என்கிறது பாட்டு. 1540ஐ ஒட்டி ஜான் லேலண்ட் என்ற பழம்பொருள் ஆய்வாளர் அவன் புதைந்த இடம் இந்த மடம் என்று எழுதியிருக்கிறார். 1665இல் நதானியல் ஜான்ஸ்டன் கல்லறைக் கல்லைப் படமாக வரைந்தார், அதில் சிலுவை வடிவமும் தேய்ந்த எழுத்துகளும் தெரிகின்றன. ரயில் பாதை போட வந்த தொழிலாளர்கள் பல்வலிக்கு மருந்து என்று அந்தக் கல்லைக் கொத்திக் கொத்தியே எடுத்துப் போய்விட்டதாக ஊர் வழக்கு. இன்று இரும்பு வேலிக்குள் இருக்கும் கல்வெட்டு பிற்காலத்தது. அதில் ஹண்டிங்டன் பிரபு ராபர்ட், இறந்தது "டிசம்பர் காலண்ட்ஸுக்கு 24ஆம் நாள்", 1247 என்று வலிந்து பழமையாக்கிய எழுத்துக்கூட்டலில் இருக்கிறது.

அந்தத் தேதியை ரோமானிய முறைப்படி எண்ணிப் பாருங்கள். காலண்ட்ஸ் என்பது மாதத்தின் முதல் நாள், அதிலிருந்து பின்னோக்கி எண்ணுவார்கள். மாத நடுவில் வரும் குறிநாள் ஐட்ஸ், நவம்பரில் அது 13ஆம் நாள். அதற்கு மறுநாளான 14தான் டிசம்பர் காலண்ட்ஸுக்கு 18ஆம் நாள். அதற்கு முந்திய நாள்களை ஐட்ஸை வைத்து எண்ண வேண்டும். 24ஆம் நாள் என்று ஒன்று கிடையவே கிடையாது. 13ஆம் நூற்றாண்டு மடத்தில் எந்தக் கணக்குப்பிள்ளையும் இப்படி எழுதியிருக்க முடியாது. கடைசி அம்பு விழுந்த இடத்தில் புதைக்கச் சொன்னான் என்ற கதையையும் கியூஜிஐஎஸ் அளவுகோலால் அளந்தேன். வாயிற்கட்டடத்திலிருந்து கல்லறை அரை கிலோமீட்டருக்கும் மேல். நல்ல நெடுவில்லின் எட்டம் 250, 300 மீட்டர். சாகக்கிடக்கும் ஆளின் கைக்கு அது ஆகாது. அம்புக் காட்சி 18ஆம் நூற்றாண்டு அச்சுப் பாட்டில்தான் முழுதாக வருகிறது என்பதோடு இது ஒத்துப்போகிறது. ஆனால் லேலண்டின் குறிப்பு அசையவில்லை. கல்வெட்டைத் தள்ளலாம், இடத்தைத் தள்ள முடியாது. அது தனியார் நிலம், அனுமதியில்லாமல் நுழையக் கூடாது. வரைபடத்தில் அந்தப் புள்ளியைத் துல்லியம் குறைத்தே வைத்திருக்கிறேன்.

ஷெர்வுட்டின் மேஜர் ஓக் பற்றி அதிகம் சொல்ல வேண்டாம். பத்து மீட்டர் சுற்றளவுள்ள அற்புதமான மரம், 800 ஆண்டுக்கும் மேற்பட்டதாக மதிக்கிறார்கள். பெயர் 1790இல் அதைப் பற்றி எழுதிய மேஜர் ஹேமன் ரூக்கிடமிருந்து வந்தது. ராபின் அதற்குள் ஒளிந்தான் என்பது அவன் காலத்து மரத்தின் பருமனை நினைத்தாலே நிற்காது. எங்கள் ஊர்ப்பக்கத்து லாக்ஸ்லிக்கு இதைவிட வலுவான ஆவணம் இருக்கிறது. 1637இல் ஜான் ஹாரிசன் செய்த ஷெஃபீல்டு நில அளவையில், ராபின் ஹுட் பிறந்த வீட்டின் அடித்தளம் இருக்கும் தோட்டம் என்று ஒரு சிறு நிலத்தையே குறிப்பிட்டிருக்கிறார்.

மனிதப் பெயர்களுக்கும் ஓர் அடுக்கு வைத்தேன். 1225இல் யார்க் நீதிமன்றக் கணக்கில் தலைமறைவான ராபர்ட் ஹோட், பறிமுதலான சொத்தின் மதிப்பு 32 ஷில்லிங் 6 பென்ஸ். 1262இல் பெர்க்‌ஷயரில் இன்னும் கவனிக்கத்தக்க ஒன்று. ராபர்ட் என்ற கொல்லனின் மகன் வில்லியம் தலைமறைவாகிறான். அடுத்த ஆவணத்தில் எழுத்தர் அவனை வில்லியம் ராபெஹோட் என்று மாற்றி எழுதிவிடுகிறார். குற்றவாளி என்றால் அந்தப் பெயர் என்கிற அளவுக்குக் கதை அப்போதே தெற்குவரை பரவியிருந்தது என்று வரலாற்றாசிரியர்கள் இதை எடுத்துக்கொள்கிறார்கள். எனக்கும் அது சரியாகவே படுகிறது. பாட்டைப் பற்றிய முதல் குறிப்பு 1377ஐ ஒட்டிய பியர்ஸ் ப்ளவ்மன் என்ற நெடுங்கவிதையில்தான் என்றாலும், எழுத்தரின் பேனா அதற்கு நூறாண்டு முந்திப் போகிறது.

மூன்றாம் கட்டமான இடமாற்றம் இன்றைக்கும் நிரம்பிக்கொண்டிருக்கிறது. டான்காஸ்டர் அருகே 2005இல் ராபின் ஹுட் பெயரோடு திறந்த விமான நிலையம் 2016இல் பெயரை இழந்தது, 2022இல் விமானங்கள் நின்றன. பார்ன்ஸ்டேலிலிருந்து வெகுதொலைவில்லை என்பதால் அந்தப் பெயர் அங்கே பொருந்தியே இருந்தது. கிழக்கு லண்டனின் பாப்லரில் ராபின் ஹுட் லேன் என்ற தெருவின் பெயரால் 1972இல் எழுந்த ராபின் ஹுட் கார்டன்ஸ் அடுக்ககத்தை 2017 முதல் இடித்தார்கள். இடிக்கும்போது அதன் ஒரு பகுதியை விக்டோரியா ஆல்பர்ட் அருங்காட்சியகம் வாங்கிக்கொண்டது. ஹாதர்சேஜ் வில்லுக்கு வைத்த அதே கட்டத்தில் இந்தக் கான்கிரீட் துண்டையும் பதிந்திருக்கிறேன்.

தெற்கத்திப் பெயர்கள்தான் பாக்கி. அங்கே கொள்ளைக்காரனைவிட, ராபின் ஹுட் வேடம் கட்டி ஆடிய மே மாத ஊர்த் திருவிழா விளையாட்டுதான் பெயரைப் பரப்பியது என்பது என் ஊகம். 16ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தேம்ஸ் கரைக் கிங்ஸ்டனில் தேவாலயக் கணக்கர்கள் ராபின் ஹுட் வேடத்துக்கான துணி, ஆட்டக்காரர்களின் காலணி, கூட்டத்தில் விற்ற சின்னங்கள், வசூலான காசு எல்லாவற்றையும் எழுதி வைத்திருக்கிறார்கள். அதே கிங்ஸ்டனுக்கு அருகேதான் ரிச்மண்ட் பூங்காவின் ராபின் ஹுட் கேட், பழைய ராபின் ஹுட் விடுதியின் பெயரால், இன்றும் இருக்கிறது. இப்படித் தேவாலயக் கணக்கில் விளையாட்டு பதிவான ஊர்களை நீல நிறத்தில் போட்டு, அவற்றைச் சுற்றியுள்ள பெயர்களின் முதல் பதிவு ஆண்டு கணக்குக்கு முந்தியதா பிந்தியதா என்று பார்க்க வேண்டும். கிங்ஸ்டனை முடித்துவிட்டேன், இப்போது கையில் இருப்பது சாமர்செட்.